வரப்பு வழக்கும் மேல்கோர்ட்டின் வரம்பும்

2 அடி அகலமும் 200 அடி நீளமும் கொண்ட ஒரு துண்டு நிலத்தின் பரப்பு 400 சதுர அடி. ஒரு சென்டு என்பது 435.6 சதுர அடியாகையால், அந்தத் துண்டு முழுதாக ஒரு சென்டுகூட ஆகாது. அடுத்தடுத்த நிலங்களுக்குச் சொந்தக்காரர்களான இரு குடும்பத்தார், இவ்வளவு சிறிய துண்டைக் குறித்துத் தாலுகா முன்சீப் கோர்ட்டில் தொடங்கிய வழக்கை சப் கோர்ட்டுக்கும், அங்கிருந்து சென்னைக்கோ மதுரைக்கோ ஐகோர்ட்டு வரையிலும் கொண்டுபோய், தகப்பன் போட்ட வழக்கில் மகன் வாரிசாகச் சேர்க்கப்பட்டு, நிலத்தின் கிரயத்தைக் காட்டிலும் பன்மடங்கு பொருளைச் செலவிட்டு முடிவுக்குக் காத்திருப்பது தமிழ்நாட்டில் அபூர்வமான காட்சியன்று. அவர்களைப் பிடிவாதக்காரர்கள் என்று சொல்லிவிடுவது எளிது; நான் அவ்வாறு சொல்ல மாட்டேன். வரப்பு ஓரடி நகர்ந்தால் அதனோடு வாய்க்காலில் நீர் பாய்ச்சும் பாத்தியமும், வண்டி போகும் தடமும், கிணற்று மேட்டுக்குச் செல்லும் வழியும் சேர்ந்து போய்விடக்கூடும் என்பதை உழுது பிழைப்பவன் நன்கறிவான். ஆகையால் அவன் நியாயம் கேட்டு நியாயஸ்தலத்தின் படியேறுவதில் தவறில்லை.

ஆனால் அவன் ஒரு விஷயத்தை அறியாமல் ஏறுகிறான். கீழ்க்கோர்ட்டில் தோற்றவர், மேல்கோர்ட்டில் தம் நிலம் புதிதாகப் பார்க்கப்படும், தம் சாட்சிகள் புதிதாகக் கேட்கப்படுவார்கள், எல்லைக்கல் எங்கே இருந்தது என்பது மறுபடியும் ஆராயப்படும் என்ற நம்பிக்கையோடு அப்பீல் செய்கிறார். மேல்கோர்ட்டின் முன் இருப்பதோ கீழ்க்கோர்ட்டில் சேர்ந்த காகிதக் கட்டு ஒன்றுதான். அந்தக் கட்டில் நிலம் சரியாக அளக்கப்பட்டு ஏறியிருந்தால் மேல்கோர்ட்டு அதைக் காணும். ஏறாமற்போயிருந்தால், எவ்வளவு உயர்ந்த கோர்ட்டாயினும் அதனால் காண முடிவது சொற்பமே. எல்லைத் தகராறு என்பது பெரும்பாலும் முதற் கோர்ட்டிலேயே வெல்லப்படுகிறது, அல்லது அங்கேயே இழக்கப்படுகிறது என்பதைப் பொதுமக்கள் விளங்கிக்கொள்ள வேண்டுமென்பதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

ஒரே நிலத்துக்கு நம் நாட்டில் பல வடிவங்கள் உண்டு. கிரயப் பத்திரத்தில் அது நான்கெல்லையாக இருக்கிறது: இன்னார் புஞ்சைக்குக் கிழக்கு, இன்ன வாய்க்காலுக்கு மேற்கு, இன்ன பாதைக்குத் தெற்கு, இன்னார் தோட்டத்துக்கு வடக்கு, இதற்குள்பட்ட ஏக்கர் இவ்வளவு, சென்டு இவ்வளவு என்று எழுதுவது வழக்கம். பட்டாவிலும் சிட்டாவிலும் அதே நிலம் சர்வே எண்ணாகவும் உட்பிரிவு எண்ணாகவும் ஹெக்டேர் கணக்காகவும் மாறுகிறது. சர்வே இலாகாவின் புலப்படத்தில் அது கோடுகளாகவும் அளவுகளாகவும் நிற்கிறது. 66 அடி நீளமும் 100 கண்ணிகளும் கொண்ட அளவுச் சங்கிலியால் அளந்து வரைந்த பழைய படங்களில், கல்லுக்குக் கல் உள்ள தூரம் கண்ணிக் கணக்கில் எழுதப்பட்டிருக்கும். இவ்வளவுக்கும் அப்பால், பூமியின்மேல் வரப்பும் வேலியும் நட்ட கல்லும் வளர்ந்த பனையுமாக நான்காவது வடிவம் ஒன்று இருக்கிறது. மக்கள் கண்டு பழகியது அதைத்தான். இந்த நான்கும் ஒன்றோடொன்று பொருந்தி நிற்கும்வரை கோர்ட்டுக்கு வேலையில்லை. பாகப்பிரிவினையில் கயிறு போட்டு அளந்த பங்குகள் பத்திரத்தில் முழு எண்களாக எழுதப்படும்போதும், வாய்க்கால் தன் போக்கை மாற்றிக்கொள்ளும்போதும், உழவில் கல் பெயர்ந்துபோகும்போதும், 1980-களில் நடந்த நிலவுடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது, அதாவது ஜனங்கள் யூ.டி.ஆர். என்று சொல்லும் அந்தக் காரியத்தின்போது, பெயரும் பரப்பும் பிழையாகப் பதிவானதைப் பின்னர் ஒருவர் கண்டுபிடிக்கும்போதும் விவாதம் பிறக்கிறது.

அப்படிப் பிறந்த விவாதம் பிராதாகும்போதே ஒரு விபத்து நேர்ந்துவிடுவதுண்டு. அண்டை வீட்டுக்காரர் வேலியை நகர்த்திவிட்டார் என்று வருகிறவர், தம் அனுபோகத்தில் அவர் தலையிடக் கூடாதென்று நிரந்தர உறுத்துக்கட்டளை ஒன்றை மட்டும் கேட்டு வழக்குப் போடுகிறார். எதிராளி பதில் தாக்கல் செய்யும்போது, வேலி நிற்கும் இடமே தன்னுடைய சர்வே எண்ணைச் சேர்ந்தது, வாதிக்கு அதில் பாத்தியமே இல்லை என்று சொல்லிவிட்டால், வழக்கின் தன்மை அக்கணமே மாறிவிடுகிறது. வாதியின் உரிமையின்மேல் மெய்யான சந்தேகத்தின் நிழல் விழுந்துவிட்டபின் உரிமை விளம்புகையையும் சேர்த்துக் கேட்க வேண்டும். சுவாதீனம் எதிராளியிடம் போய்விட்டிருந்தால் சுவாதீனத்தையும் கேட்க வேண்டும். வெறும் உறுத்துக்கட்டளை வழக்கு போதாது என்பதை உச்ச நீதிமன்றம் 2008-ல் ஆந்திரத்திலிருந்து வந்த அனாதுல சுதாகர் வழக்கில் மிகத் தெளிவாக வகுத்துரைத்தது. வழக்குரையைத் திருத்திக்கொள்ளச் சட்டத்தில் இடமிருந்தும், அதைக் காலத்தில் செய்யாமல், பத்தாண்டுகளுக்குப் பின் இரண்டாம் அப்பீலில் இந்தக் குறையால் தோற்கிறவர்கள் பலர். நிலம் அவருடையதாகவே இருந்திருக்கலாம். கேட்க வேண்டியதைக் கேட்கவில்லையென்பதே தோல்விக்குக் காரணமாகிவிடுகிறது.

வழக்கு நடந்துகொண்டிருக்கையில் பிறக்கும் இடைக்கால உத்தரவுகளும் மேல்பரிசீலனைக்கு உட்பட்டவையே. இடைக்கால உறுத்துக்கட்டளை கொடுத்தாலும் மறுத்தாலும் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 43-ஆம் ஆணைப்படி அப்பீல் உண்டு. ஆயினும் முதற் கோர்ட்டு தன் விவேகத்தைப் பயன்படுத்தி அளித்த அத்தகைய உத்தரவை, அது தன்னிச்சையாகவோ சட்டக் கொள்கைகளைப் புறக்கணித்தோ பிறந்ததாயின் மட்டுமே மேல்கோர்ட்டு கலைக்க வேண்டும், தானாயிருந்தால் வேறு விதமாகத் தீர்த்திருப்பேன் என்ற காரணத்தால் கலைக்கலாகாது என்பது 1990 முதல் உச்ச நீதிமன்றம் வற்புறுத்திவரும் நெறி. எல்லை வழக்குகளில் இது நல்ல நெறியென்றே எண்ணுகிறேன். இல்லையேல் மூல வழக்கு உறங்கிக் கிடக்க, தடையுத்தரவைப் பற்றிய சண்டை மட்டும் கோர்ட்டுக்குக் கோர்ட்டு பயணம் செய்துகொண்டிருக்கும்.

இனி, எல்லைத் தகராற்றின் உயிர்நாடியான விஷயத்துக்கு வருவோம். விவாதத்திலுள்ள ஒரு பொருளைத் தெளிவுபடுத்த ஸ்தல விசாரணை வேண்டுமென்று கோர்ட்டுக்குத் தோன்றினால், ஆணையர் ஒருவரை நியமித்து அறிக்கை பெறலாம் என்று 26-ஆம் ஆணையின் 9-ஆம் விதி சொல்லுகிறது. நடைமுறையில் இளம் வக்கீல் ஒருவர் கமிஷனராக நியமிக்கப்படுகிறார். தாலுகா சர்வேயர் அவருக்கு உதவியாகச் செல்லுகிறார். இரு தரப்பாருக்கும் நோட்டீஸ் கொடுத்து, அவர்கள் முன்னிலையில் நிலம் அளக்கப்படுகிறது. இந்த அளவு ஒழுங்காக நடந்தால் சாட்சிகள் இருபது பேர் கூண்டில் ஏறிச் சொல்லும் சொற்களுக்கு மேலான தெளிவு கிடைக்கும். ஒழுங்காக என்று நான் சொல்லுவதில் சில அம்சங்கள் அடங்கியிருக்கின்றன. இரு தரப்பாரும் மறுக்க முடியாத நிலையான கற்களிலிருந்து அளவைத் தொடங்க வேண்டும். வாதி காட்டிய வரப்பிலிருந்தோ பிரதிவாதி காட்டிய வேலியிலிருந்தோ தொடங்கினால், அந்த அளவு காட்டியவரின் கட்சியையே திருப்பிச் சொல்லும். வாதியின் நிலத்தை மட்டும் அளந்து நிறுத்திவிடாமல், அண்டை நிலத்தையும் அளந்து, ஒன்றில் குறைந்த பரப்பு மற்றொன்றில் மிகுந்து நிற்கிறதா என்று காண வேண்டும். புலப்படத்தின் நகலோடும் இரு தரப்புப் பத்திரங்களோடும் ஒப்பிட்டு, வரைபடத்தில் நிறமிட்டோ எழுத்திட்டோ ஆக்கிரமிப்பைக் குறிக்க வேண்டும்.

கமிஷனரின் அறிக்கையும் அவர் எடுத்த சாட்சியமும் வழக்கின் சாட்சியமாகவே கொள்ளப்படும் என்பது அதே ஆணையின் 10-ஆம் விதி. அறிக்கையில் குறை காண்கிற தரப்பார் ஆட்சேபணை தாக்கல் செய்யலாம். கமிஷனரைக் கூண்டிலேற்றிக் குறுக்கு விசாரணை செய்யலாம். திருப்தி ஏற்படாவிடில் மேலும் விசாரணைக்கு கோர்ட்டு உத்தரவிடலாம். இவ்வளவு வாசல்கள் திறந்திருக்கையில், அறிக்கை தமக்குப் பாதகமென்று தெரிந்தும் பேசாதிருந்துவிட்டு, தீர்ப்பு வந்தபின் அப்பீல் மனுவில் முதன்முதலாகக் குறை சொல்லுகிறவர்களை மேல்கோர்ட்டு இரக்கத்தோடு பார்ப்பதில்லை. பார்க்கவும் கூடாது, ஏனெனில் எதிராளிக்கு அந்தக் குறைக்குப் பதில் சொல்லும் சந்தர்ப்பம் அப்போது கழிந்துபோயிருக்கிறது.

கமிஷனரை நியமிக்கச் சொல்லும் மனுவை முன்சீப் நிராகரித்துவிட்டால் என்ன செய்வது? அந்த உத்தரவின்மேல் அப்பீல் கிடையாது. 1999-ஆம் ஆண்டுத் திருத்தத்தினால், 2002 ஜூலை 1 முதல் 115-ஆம் பிரிவின்படி சீராய்வு செய்யும் வழியும், அந்த உத்தரவு மறு விதமாக இருந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்ற நிலையிலன்றி அடைபட்டுவிட்டது. எஞ்சியிருப்பது அரசியல் சட்டத்தின் 227-ஆம் பிரிவு, ஐகோர்ட்டுக்குத் தன்கீழுள்ள கோர்ட்டுகளின்மேல் அளித்திருக்கும் மேற்பார்வை அதிகாரம் ஒன்றே. கீழ்க்கோர்ட்டுகளை அவற்றின் அதிகார வரம்புக்குள் நிறுத்துவதற்கே இந்த அதிகாரம், சாதாரணத் தவறுகளைத் திருத்துவதற்கன்று என்று உச்ச நீதிமன்றம் 1954-லேயே சொல்லிவிட்டது. சிவில் கோர்ட்டின் நீதி உத்தரவுகளை எதிர்த்து 226-ஆம் பிரிவின்படி ரிட் மனுப் போட முடியாது, 227 ஒன்றே வழி என்று 2015-ல் தெளிவாக்கியது. நடைமுறைச் சட்டத்திலேயே அப்பீலுக்கு வழியிருக்கையில் 227-ஐ நாடுவது ஏறக்குறைய முற்றிலும் தடைப்பட்டது என்று தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில் 2019-ல் மேலும் இறுக்கியது. சுவாதீனம் யாரிடமிருக்கிறதென்று கண்டு சொல்லக் கமிஷனரை அனுப்பும்படி கேட்ட மனுக்களை ஐகோர்ட்டு வழக்கமாக ஏற்பதில்லை. அது சாட்சி சொல்லி நிரூபிக்க வேண்டிய விஷயம். எல்லை எங்கே ஓடுகிறது, விவாதத் துண்டு எந்தச் சர்வே எண்ணில் விழுகிறது என்பவை அளந்தாலன்றித் தெரியாதவை. மனு எழுதும்போதே இந்த வேறுபாட்டைக் கவனித்து எழுதினால் பாதி வேலை முடிந்தது.

தீர்ப்பு வந்தபின் கிடைக்கும் முதல் அப்பீலே மெய்யான அப்பீல். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 96-ஆம் பிரிவின்படி அது உரிமையாகவே கிடைப்பது. ஜில்லாவிலுள்ள மேல்கோர்ட்டுக்கானால் 30 நாட்களுக்குள்ளும், ஐகோர்ட்டுக்கானால் 90 நாட்களுக்குள்ளும் தாக்கல் செய்ய வேண்டும். நிகழ்ச்சி பற்றிய கேள்வி, சட்டம் பற்றிய கேள்வி ஆகிய இரண்டையும் அந்தக் கோர்ட்டு முழுமையாகப் பரிசீலிக்கலாம், பரிசீலிக்கவும் கடமைப்பட்டது. தீர்மானிக்க வேண்டிய பிரச்சினைகள் இவை, அவற்றின்மேல் முடிவு இது, முடிவுக்குக் காரணங்கள் இவை என்று 41-ஆம் ஆணையின் 31-ஆம் விதிப்படி எழுத வேண்டும். முதற் கோர்ட்டின் தீர்ப்பைக் கலைப்பதாயின், அதன் காரணங்களை நேருக்கு நேர் எடுத்து, அவை ஏன் நிற்கவில்லை என்று காட்டிக் கலைக்க வேண்டும் என்று 2001-ல் சந்தோஷ் ஹஜாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் வற்புறுத்தியது. கூண்டில் நின்ற கிழவர் கண்ணெதிரே பேசியதைக் கேட்டவர் முன்சீப். அப்பீல் நீதிபதிக்குக் கிடைப்பது டைப் அடித்த வாக்குமூலம். ஆகையால் சாட்சியின் நம்பகம் பற்றிய விஷயத்தில் முதற் கோர்ட்டுக்கு ஒரு மதிப்புக் கொடுப்பது முறை. புலப்படமும் பத்திரமும் கமிஷனர் வரைபடமும் அப்படியல்ல. அவற்றை முன்சீப் படித்த அளவுக்கு ஜில்லா நீதிபதியும் படிக்க முடியும். எல்லை வழக்கில் முதல் அப்பீல் கோர்ட்டு தயங்காமல் தன் கண்ணால் பார்க்க வேண்டிய பகுதி இதுவே. இரண்டு பக்கத்தில் கீழ்க்கோர்ட்டின் தீர்ப்பைத் திருப்பிச் சொல்லி, அதில் தலையிடக் காரணமில்லை என்று முடிக்கும் அப்பீல் தீர்ப்புகள், கட்சிக்காரருக்குச் சட்டம் உரிமையாகத் தந்த ஒரு பரிசீலனையைப் பறித்துவிடுகின்றன என்று சொல்லுவதில் எனக்குத் தயக்கமில்லை.

அதற்கு மேலே ஐகோர்ட்டில் இருப்பது இரண்டாம் அப்பீல். அதன் வாசல் மிகக் குறுகியது. இன்று நேற்றன்று, லண்டன் பிரிவி கவுன்ஸில் காலத்திலிருந்தே குறுகியது. நிகழ்ச்சி பற்றிய முடிவில் எவ்வளவு பெரிய, மன்னிக்க முடியாத தவறு இருப்பதாகத் தோன்றினும், அதன் காரணமாக இரண்டாம் அப்பீலை விசாரிக்க அதிகாரமில்லை என்ற கருத்தை அந்தச் சபை 1890-லேயே நிலைநாட்டியது. 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் அந்த வாசலை மேலும் இறுக்கி, கணிசமான சட்டப் பிரச்சினை ஒன்று எழுந்தாலன்றி 100-ஆம் பிரிவின்கீழ் அப்பீல் இல்லையென்றும், அந்தப் பிரச்சினையை ஐகோர்ட்டு எழுத்தில் வடிக்க வேண்டுமென்றும் விதித்தது. வரப்பு வடக்கே இருந்ததா, தெற்கே இருந்ததா என்பது நிகழ்ச்சி. இரு கீழ்க்கோர்ட்டுகளும் ஒரே முடிவைச் சொல்லிவிட்டால் அது பெரும்பாலும் அங்கேயே முடிந்தது. இதைக் கடுமையென்று கருதுவோர் உண்டு. முடிவே இல்லாத வழக்கைவிடக் கடுமையானது எதுவுமில்லை என்பது என் எண்ணம். எங்கேயாவது ஓரிடத்தில் நிகழ்ச்சி பற்றிய விவாதம் நின்றே ஆக வேண்டும்.

எனினும் எல்லை வழக்குக்கு அந்தக் குறுகிய வாசலில் நுழையும் வழி மற்ற வழக்குகளைவிடச் சற்று அதிகம். காரணம், உரிமைப் பத்திரத்துக்குப் பொருள் காண்பது சட்டப் பிரச்சினை. பத்திரம் ஒரு ஏக்கர் 20 சென்டு என்கிறது. அதிலேயே எழுதிய நான்கெல்லைக்குள் அளந்தால் ஒரு ஏக்கர் 12 சென்டுதான் தேறுகிறது. மீதி 8 சென்டு அண்டை நிலத்தில் இருக்கிறதென்று வாதி கேட்கிறார். எழுதிய பரப்பு நிற்குமா, எழுதிய எல்லை நிற்குமா? எல்லைகள் திட்டமாகவும் ஐயத்துக்கிடமின்றியும் இருந்தால் எல்லையே மேலோங்கும், பரப்பு வழிவிடும் என்பது நெடுங்காலமாக நிலைத்த நெறி. எல்லைகளே மங்கலாக இருந்தால் அப்போது அளவின் துணையை நாட வேண்டும். இந்த நெறியைக் கீழ்க்கோர்ட்டுகள் தலைகீழாகப் பிடித்திருந்தால், அது நிகழ்ச்சித் தவறன்று, சட்டத் தவறு; ஐகோர்ட்டு தலையிடலாம். 1961-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்த பிஹார் வழக்கொன்று இதற்குச் சிறந்த உதாரணம். ஏலத்தில் விற்ற நிலத்தின் சான்றிதழில் 1060 என்றிருக்க வேண்டிய மனை எண் 160 என்று எழுதப்பட்டுவிட்டது. ஒரு பூஜ்யம் விட்டுப்போனதைப் பிடித்துக்கொண்டு விற்பனையே அந்த நிலத்தைப் பற்றியதன்று என்று வாதாடினார்கள். மற்ற விவரங்களும் எல்லைகளும் நிலத்தைச் சரியாக அடையாளம் காட்டுகின்றன, எண் மட்டும் பிழையாக விழுந்த வர்ணனை என்று சொல்லி, நீதிமன்றம் எல்லையின் பக்கம் நின்றது. 2006-ல் மற்றொரு வழக்கிலும் அதே நெறியை அது மறுபடியும் உறுதிசெய்தது.

முக்கியமான பத்திரத்தைக் கீழ்க்கோர்ட்டு பார்க்கவே இல்லை, சாட்சியமே இல்லாமல் முடிவு கண்டது, நிரூபணப் பாரத்தைத் தவறான தரப்பின்மேல் சுமத்தியது என்பனவும் தலையிடுவதற்கு ஒப்புக்கொள்ளப்பட்ட காரணங்களே. அத்தகைய தவறினால் ஒரு நிகழ்ச்சி தீர்க்கப்படாமலோ பிழையாகத் தீர்க்கப்பட்டோ இருந்து, வேண்டிய சாட்சியமும் கட்டில் இருக்குமாயின், 103-ஆம் பிரிவின்படி ஐகோர்ட்டே அதைத் தீர்த்துவிடலாம்.

மேல்கோர்ட்டு மன்னிக்கக் கூடாத குறை ஒன்று உண்டு: எல்லையும் பரப்புமே விவாதமாயிருக்க, நிலத்தை அளக்காமலே தீர்ப்புச் சொல்லுவது. அரியானா வக்ஃபு வாரியத்தின் வழக்கில் நடந்தது அதுதான். எதிராளிகள் தன் நிலத்தை ஆக்கிரமித்ததாக வாரியம் சொல்லிற்று; எல்லை பிரித்துக் காட்டக் கமிஷனர் வேண்டுமென்று போட்ட மனு கீழே நிராகரிக்கப்பட்டது; இரண்டாம் அப்பீலும் தள்ளப்பட்டது. 2008-ல் உச்ச நீதிமன்றம், நிலத்தின் எல்லையைப் பிரித்துக் காண்பதே விவாதமாயிருக்கையில் ஸ்தல விசாரணைக்கு உத்தரவிட்டிருக்க வேண்டுமென்று சொல்லி, கீழுள்ள தீர்ப்புகளை நீக்கி வழக்கைத் திருப்பி அனுப்பியது. 2000-ஆம் ஆண்டிலேயே வேறொரு வழக்கிலும், நிலத்தின் அடையாளமும் எல்லையும் பற்றிக் கடுமையான தகராறு இருக்கையில் சர்வே கமிஷன் இல்லாமல் தீர்த்தது தவறென்று அது கண்டித்திருந்தது. அளந்து பார்த்தால் ஒரே நாளில் தெரியக்கூடிய உண்மையை அளக்காமல் விட்டுவிட்டு, அதன்மேல் மூன்று கோர்ட்டுகள் அநுமானத்தை அடுக்கிக்கொண்டு போவது நியாய பரிபாலனமாகாது.

ஆனால் திருப்பி அனுப்புவதிலும் ஒரு கொடுமை இருக்கிறது. பதினைந்து ஆண்டுகள் ஏறி வந்த வழக்கு, ஒரே உத்தரவால் முதற் படிக்கு இறங்கிவிடுகிறது. சாட்சி சொன்ன முதியவர்கள் மறைந்திருப்பார்கள். வரப்பு இருந்த இடத்தில் வீடெழும்பியிருக்கும். புதுத் தீர்ப்பு வந்தால் அதன்மேலும் அப்பீல் உண்டு. இந்தத் துன்பத்தைத் தவிர்க்கும் கருவி சட்டத்திலேயே இருந்தும் அது போதிய அளவு கையாளப்படவில்லையென்பது என் மனக்குறை. மூல கோர்ட்டுக்குள்ள அதிகாரம் அனைத்தும் அப்பீல் கோர்ட்டுக்கும் உண்டென்று 107-ஆம் பிரிவு சொல்லுகிறது. ஆகவே அப்பீல் கோர்ட்டே கமிஷனரை நியமித்து, அளந்து, ஆட்சேபணை கேட்டு, வழக்கை அங்கேயே முடித்துவிடலாம். அல்லது 41-ஆம் ஆணையின் 25-ஆம் விதிப்படி, தீர்ப்பைக் கலைக்காமல் அப்பீலைத் தன்னிடமே நிறுத்திக்கொண்டு, தேவையான பிரச்சினையை மட்டும் கீழே அனுப்பி, குறித்த காலத்துக்குள் அதன்மேல் முடிவை வரவழைத்துக்கொள்ளலாம். 2 அடித் துண்டு ஒன்றுக்காக வழக்கு முழுவதையும் அடியோடு திருப்பி அனுப்புவதை, வேறு வழியே இல்லாதபோது மட்டும் செய்ய வேண்டியதாக நீதிபதிகள் கருதினால், எத்தனையோ குடும்பங்கள் பிழைத்துப்போகும்.

சர்வே இலாகாவின் வழியைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். 1923-ஆம் ஆண்டின் சர்வே மற்றும் எல்லைகள் சட்டப்படி சர்வே அதிகாரி எல்லையைத் தீர்மானிக்கலாம். அதன்மேல் இலாகாவுக்குள் அப்பீல் உண்டு. சர்வே முடிந்ததாக 13-ஆம் பிரிவின்கீழ் அறிவிக்கை வெளிவந்த பின், அந்தத் தீர்மானத்தால் பாதிக்கப்பட்டவர் 14-ஆம் பிரிவின்படி 3 ஆண்டுகளுக்குள் சிவில் கோர்ட்டில் வழக்குத் தொடர வேண்டும். இந்த 3 ஆண்டைத் தவறவிட்டுவிட்டுப் பின்னால் வருகிறவர்களுக்கு எந்த மேல்கோர்ட்டாலும் எளிதில் உதவ முடிவதில்லை. பட்டா மாறிவிட்டது என்பதனால் நிலமே போய்விட்டதென்று அஞ்ச வேண்டுவதுமில்லை. பட்டா வருவாய்த் துறையின் பதிவேயன்றி உரிமைக்கு மூலமன்று, உரிமையைத் தீர்ப்பது சிவில் கோர்ட்டு. ஆனால் அண்டை நிலக்காரர் ஒரு துண்டை வெளிப்படையாகவும் விரோதமாகவும் 12 ஆண்டுகள் இடைவிடாது அனுபவித்துவிட்டால், சரியான புலப்படமும் கையிலிருக்கும் பத்திரமும் அதை மீட்டுத் தராமற்போகக்கூடும். காலதாமதம் எல்லை வழக்கின் மிகப் பெரிய சத்துரு.

எனவே, வரப்பைப் பற்றி மனஸ்தாபம் தோன்றிய உடனே வாசகர்கள் செய்ய வேண்டியவற்றைச் சொல்லிவிடுகிறேன். புலப்படத்தின் நகலையும் மூலப் பத்திரங்களையும் கையில் வைத்துக்கொண்டு, கட்டணம் கட்டித் தாலுகா சர்வேயரைக் கொண்டு அண்டை நிலத்தார் முன்னிலையில் அளந்து பாருங்கள். அளவில் வித்தியாசம் தெரிந்தால், இருவருமாகத் தாலுகாச் சட்டப் பணிகள் குழுவை நாடி, மக்கள் நீதிமன்றத்தின் முன் சமரசம் செய்துகொள்ள முயலுங்கள். வழக்குப் போடுவதற்கு முன்பேயும் அங்கே போகலாம். அங்கே பிறக்கும் தீர்வு 1987-ஆம் ஆண்டின் சட்டப்படி டிக்ரிக்குச் சமமானது, அதன்மேல் எந்தக் கோர்ட்டுக்கும் அப்பீல் கிடையாது. சமரசம் கூடாமல் வழக்கே போட நேர்ந்தால், உங்கள் வக்கீலிடம் மூன்று விஷயங்களைக் கேளுங்கள்: உரிமை விளம்புகையைச் சேர்த்துக் கேட்டிருக்கிறாரா, சொத்து விவரத்தில் நான்கெல்லையும் சர்வே உட்பிரிவு எண்ணும் ஒன்றோடொன்று பொருந்துகின்றனவா, சர்வேயரோடு கூடிய கமிஷனருக்கு மனுப் போட்டாயிற்றா என்று. கமிஷனர் அளக்க வரும் நாளில் நீங்களே நிலத்தில் நில்லுங்கள். அறிக்கை வந்தால் வரி வரியாகப் படித்து, ஆட்சேபணையிருந்தால் அடுத்த வாய்தாவுக்குள் எழுத்தில் கொடுங்கள்.